டோடோ யார்? ராண்டி ஓல்சனின் படம் பார்த்தவர்கள் பேசலாம்

சாக்பீஸ் (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். நான் மேல்நிலைப் பள்ளியில் விலங்கியல் நடத்துகிறேன். போன மாதம் ஒரு மாணவியின் அப்பா பள்ளிக்கு வந்தார். "நம்ம முன்னோர் குரங்குன்னு என் பொண்ணுகிட்ட சொன்னீங்களா டீச்சர்?" என்று கேட்டார். கோபமாக இல்லை, வருத்தமாகத்தான் கேட்டார். உட்காரவைத்து, பொது மூதாதை, இயற்கைத் தேர்வு, புதைபடிவம் என்று அரைமணி நேரம் விளக்கினேன். எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். எழுந்து போகும்போது, "படிச்சவங்க நீங்க, சொல்றீங்க" என்றார். அவ்வளவுதான்.

நான் சொன்னதில் ஒன்றுகூடத் தப்பில்லை. ஆனால் ஒன்றுகூட அவரிடம் போய்ச் சேரவும் இல்லை. அன்று இரவு தூக்கமே வரவில்லை.

அந்த மனநிலையில்தான் ராண்டி ஓல்சன் எடுத்த 'ஃப்ளாக் ஆஃப் டோடோஸ்' ஆவணப்படத்தைப் பார்த்தேன். 2006-இல் வந்தது. அமெரிக்காவில், முக்கியமாகக் கன்சாஸ் மாநிலத்தில், பள்ளிப் பாடத்தில் பரிணாமம் இருக்கலாமா, உயிர்களை ஏதோ ஒரு அறிவு திட்டமிட்டு வடிவமைத்தது என்னும் 'அறிவார்ந்த வடிவமைப்பு' என்ற கருத்தையும் சேர்க்க வேண்டுமா என்று நடந்த சண்டை பற்றிய படம். ஓல்சன் சினிமாக்காரராக இருந்து அறிவியலுக்கு வந்தவர் இல்லை. உயிரியல் பேராசிரியராக இருந்து சினிமாவுக்குப் போனவர். படத்தின் தலைப்பிலேயே கேள்வி இருக்கிறது. மாறிய சூழலுக்கு ஈடுகொடுக்க முடியாமல் அழிந்த பறவை டோடோ. இந்தச் சண்டையில் அந்த டோடோ யார், பரிணாமத்தை மறுப்பவர்களா, மக்களிடம் பேசத் தெரியாத விஞ்ஞானிகளா?

எங்கள் வட்டார அறிவியல் ஆசிரியர் கூட்டத்தில் இதைப் போட்டுக் காட்டலாம் என்று நினைக்கிறேன். பார்த்தவர்கள் சொல்லுங்கள், காட்டலாமா?

மாலைக்காட்சி

தாராளமாகக் காட்டுங்கள் டீச்சர். நான் அறிவியல் ஆள் இல்லை, ஆவணப்படம் எங்கே கிடைத்தாலும் பார்ப்பவன். அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

இந்தப் படத்தின் உயிர் ஓல்சனின் அம்மா. 'மஃபி மூஸ்' என்பது அவருடைய செல்லப்பெயர். எண்பதைத் தாண்டியவர். கன்சாஸில் பரிணாமத்துக்கு எதிராக வேலை செய்த வழக்கறிஞர் ஜான் கால்வர்ட் அவருக்கு அக்கம்பக்கத்துக்காரர். ஆகவே ஓல்சன் கன்சாஸுக்குப் போவது எதிரியின் கோட்டைக்குள் நுழைவது போல இல்லை, சொந்த ஊருக்குப் போவது போல இருக்கிறது. கால்வர்ட்டிடம் உட்கார்ந்து பேசுகிறார். மனிதர் பண்பானவர், சிரித்த முகம். அவர் சொல்வதை ஏற்காதவர்களுக்கும் அவரைப் பிடித்துப்போகும்.

அடுத்தது அந்தச் சீட்டாட்ட மேசை. பரிணாம உயிரியலாளர்கள் சிலரைப் போக்கர் ஆட உட்காரவைத்துப் பேசவிடுகிறார். எல்லாரும் பெரிய அறிவாளிகள். கொஞ்ச நேரத்தில் குரல் உயர்கிறது, ஒருவரை ஒருவர் வெட்டிப் பேசுகிறார்கள், மறுப்பவர்களை முட்டாள் என்கிறார்கள். இரண்டு காட்சிகளையும் அடுத்தடுத்துப் பார்க்கும் ஒரு சாதாரணக் கன்சாஸ் பெற்றோர் யார் பக்கம் சாய்வார்? ஓல்சன் இதை வாயால் சொல்லவே இல்லை. வெட்டி ஒட்டிய விதத்திலேயே சொல்லிவிடுகிறார்.

கரைவலை

கடல் உயிரியலில் ஆராய்ச்சி செய்கிறேன், அதனால் ஓல்சன் எனக்குக் கொஞ்சம் நெருக்கமான ஆள். ஹார்வர்டில் முனைவர் பட்டம் வாங்கியவர். ஆஸ்திரேலியாவின் பெருந்தடுப்புப் பவளத்திட்டில், பவளத்தைத் தின்று தீர்க்கும் முள்முடி நட்சத்திரமீனின் இளம்புழுக்களை ஆராய்ந்தவர். நியூ ஹாம்ப்ஷயர் பல்கலைக்கழகத்தில் நிரந்தரப் பேராசிரியர் பதவியும் கிடைத்தது. எங்கள் துறையில் அந்த நிரந்தரப் பதவிக்காக மனிதர்கள் இருபது வருடம் உயிரைக் கொடுப்பார்கள். அவர் அதை எழுதிக் கொடுத்துவிட்டு, நாற்பதை நெருங்கும் வயதில், லாஸ் ஏஞ்சலிஸில் தெற்குக் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத் திரைப்படப் பள்ளியில் முதலாம் ஆண்டு மாணவராகப் போய் உட்கார்ந்தார்.

அங்கே கற்றதைத்தான் பிறகு விஞ்ஞானிகளுக்குத் திருப்பிச் சொல்லிக்கொண்டே இருக்கிறார். 2009-இல் ஒரு புத்தகமும் எழுதினார். அவர் சொல்வதில் எனக்கு மிகவும் உதவியது ஒன்று. விஞ்ஞானிகள் பேசும்போது "இது இப்படி, மேலும் இது இப்படி, மேலும்" என்று அடுக்கிக்கொண்டே போகிறோம். கேட்பவர் மூன்றாவது 'மேலும்' வருவதற்குள் தூங்கிவிடுவார். கதை என்பது 'மேலும், ஆனால், அதனால்' என்ற மூன்று சொற்களில் நடப்பது. எல்லாம் ஒரு மாதிரி போய்க்கொண்டிருந்தது, ஆனால் ஒரு சிக்கல் வந்தது, அதனால் இதைச் செய்தோம். என் ஆய்வேட்டின் முன்னுரையை இப்படி மாற்றி எழுதியபோது என் வழிகாட்டியே முதல் தடவையாகக் கடைசிவரை படித்தார்.

டீச்சர், அந்த அப்பாவிடம் நீங்கள் பேசியதும் பெரும்பாலும் 'மேலும்'களாக இருந்திருக்கும். தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம். நானும் அதே ரகம்தான்.

சாக்பீஸ்

தப்பாக எடுக்கவில்லை தம்பி. முழுக்க 'மேலும்'தான். அவருடைய 'ஆனால்' என்ன என்று நான் கேட்கவே இல்லை.

வழக்குக்கட்டு

நான் வக்கீல். படம் நல்ல படம்தான், ஆனால் ஒரு விஷயத்தில் வேறுபடுகிறேன். கதை சொல்லத் தெரியாததால் விஞ்ஞானிகள் தோற்கிறார்கள் என்கிறது படம். அதே சமயத்தில் பென்சில்வேனியாவின் டோவர் ஊரில் விஞ்ஞானிகள் ஜெயித்தார்கள். ஜெயித்தது நீதிமன்றத்தில். அடுக்கடுக்கான சான்றுகளால், அதாவது உங்கள் கணக்குப்படி 'மேலும்'களால்.

அங்கே என்ன நடந்தது என்று சொல்லியே ஆக வேண்டும். 2004 அக்டோபரில் டோவர் பள்ளி வாரியம், பரிணாமத்தில் 'ஓட்டைகள்' இருப்பதாகவும் அறிவார்ந்த வடிவமைப்பு என்ற மாற்று விளக்கம் இருப்பதாகவும் மாணவர்களுக்குச் சொல்ல வேண்டும் என்று முடிவெடுத்தது. பெற்றோர் 11 பேர் வழக்குப் போட்டார்கள். 2005 செப்டம்பர் 26-இல் விசாரணை தொடங்கி ஆறு வாரம் நடந்தது.

வாரியம் சிபாரிசு செய்தது 'ஆஃப் பாண்டாஸ் அண்ட் பீப்பிள்' என்ற புத்தகத்தை. அதன் பழைய வரைவுகளை வாதி தரப்பு வரவழைத்தது. உயிர்களைக் கடவுளே நேரடியாகப் படைத்தார் என்னும் படைப்புவாதத்தைப் பள்ளியில் கற்பிக்க வைக்கும் சட்டம் செல்லாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1987-இல் தீர்ப்பளித்திருந்தது. அந்தத் தீர்ப்புக்கு முந்தைய வரைவுகளில் 'கிரியேஷனிஸ்ட்ஸ்' (படைப்புவாதிகள்) என்று இருந்த இடமெல்லாம், தீர்ப்புக்குப் பிறகு 'டிசைன் புரப்போனன்ட்ஸ்' (வடிவமைப்பை ஆதரிப்பவர்கள்) என்று மாறியிருந்தது. ஒரு இடத்தில் மாற்றியவர் கை தவறி, பழைய சொல்லின் தலையும் வாலும் மிச்சமிருக்க நடுவில் புதிய சொல் செருகி நின்றது. வரைவுகளில் நடந்த இந்தச் சொல் மாற்றத்தைத் தத்துவப் பேராசிரியை பார்பரா ஃபாரஸ்ட் சாட்சிக் கூண்டில் எடுத்துக் காட்டினார். பரிணாமத்தில் இடைநிலைப் புதைபடிவம் எங்கே என்று கேட்டுக்கொண்டிருந்தவர்களின் புத்தகத்துக்குள்ளேயே ஒரு இடைநிலை வடிவம் கிடைத்தது.

டிசம்பர் 20 அன்று நீதிபதி ஜான் ஜோன்ஸ் 139 பக்கத் தீர்ப்பு கொடுத்தார். அறிவார்ந்த வடிவமைப்பு அறிவியல் இல்லை, அது படைப்புவாதத்தின் தொடர்ச்சி என்று முடிவு சொன்னார். வாரியத்தின் செயலை 'மூச்சடைக்க வைக்கும் அசட்டுத்தனம்' என்று எழுதினார். அவரை நியமித்தது அதிபர் ஜார்ஜ் புஷ், குடியரசுக் கட்சி. வெற்றி பெற்ற தரப்பின் வழக்குச் செலவாகப் பள்ளி நிர்வாகம் கட்டியது பத்து லட்சம் டாலருக்கும் மேல்.

ஆகவே பொறுமையான சான்றுக்கு என்றைக்கும் ஒரு மன்றம் இருக்கிறது என்று நம்புகிறேன்.

மாலைக்காட்சி

வக்கீல் சார், நீங்கள் சொன்னதே ஒரு அருமையான கதை! நீங்கள் எங்களைப் பிடித்து வைத்தது அந்தச் சொல் மாறாட்டத்தால்தான். 139 பக்கத்தில் வேறு எதுவும் எனக்கு நினைவில் நிற்கப்போவதில்லை, அது நிற்கும்.

இன்னொன்று. 2005 நவம்பர் 8 அன்று ஒரே நாளில் இரண்டு நடந்தன. டோவரில் தேர்தலுக்கு நின்ற பழைய வாரிய உறுப்பினர்கள் எட்டுப் பேரும் தோற்றார்கள். அதே நாளில் கன்சாஸ் மாநில வாரியம் 6-க்கு 4 என்ற வாக்கில், பரிணாமத்தின் மேல் சந்தேகம் எழுப்பும் பாடத்திட்டத்தை நிறைவேற்றியது. 1999-இல் பரிணாமத்தை ஒதுக்கினார்கள், 2001-இல் திரும்பச் சேர்த்தார்கள், 2005-இல் மறுபடி இப்படி, 2007-இல் அதையும் மாற்றினார்கள். ஒவ்வொரு வாரியத் தேர்தலுக்கும் பாடம் புரண்டது. நீதிமன்றம் ஒரு தடவை முடிவு சொல்லும். வாக்குப்போடுகிறவர்களிடம் ஒவ்வொரு தேர்தலுக்கும் போய்ப் பேச வேண்டியிருக்கிறதே. கன்சாஸில் 2005 மே மாதம் பொது விசாரணை நடந்தபோது விஞ்ஞானிகள் புறக்கணித்தார்கள். காரணம் நியாயமானது, அறிவியலை வாக்கெடுப்புக்கு விட மாட்டோம் என்றார்கள். ஆனால் அந்த நாற்காலிகள் காலியாக இருந்ததைத்தான் ஊர் பார்த்தது.

ஒளிபுகாத்தாள்

எல்லாரும் பாராட்டுவதால் நான் ஒரு கசப்பான விஷயம் சொல்கிறேன். இதை மறைத்துவிட்டு ஆசிரியர்களுக்குக் காட்டக் கூடாது.

ஜெர்மன் உயிரியலாளர் எர்ன்ஸ்ட் ஹெக்கல் 19-ஆம் நூற்றாண்டில் வரைந்த கரு ஓவியங்கள் உங்களுக்குத் தெரியும். மீன், கோழி, மனிதன் என்று வரிசையாக வைத்து, தொடக்கத்தில் எல்லாம் ஒரே மாதிரி என்று காட்டுபவை. அவர் ஒற்றுமையை மிகைப்படுத்தி வரைந்தார். 1997-இல் மைக்கேல் ரிச்சர்ட்சனும் மற்றவர்களும் உண்மையான கருக்களின் புகைப்படங்களை வைத்து அதை வெளிச்சம்போட்டுக் காட்டினார்கள். பரிணாமத்தை மறுப்பவர்கள் இதை இறுகப் பிடித்துக்கொண்டு, பாடநூல்கள் இன்னும் பொய்யை அச்சிடுகின்றன என்றார்கள்.

படத்தில் ஓல்சன் கால்வர்ட்டிடம், எங்கே, அந்தப் படத்தைப் பாடநூலில் காட்டுங்கள் என்கிறார். புரட்டுகிறார்கள், கிடைக்கவில்லை. பார்க்கும் நமக்கு, அட, இந்தக் குற்றச்சாட்டே பொய்யா என்று தோன்றுகிறது. ஆனால் அந்த ஓவியங்களோ அவற்றைப் பார்த்து வரைந்தவையோ 1990-களில் வந்த பாடநூல்கள் சிலவற்றிலும் இருந்தன. அறிவார்ந்த வடிவமைப்பை ஆதரிக்கும் அமைப்பான சியாட்டிலின் டிஸ்கவரி இன்ஸ்டிட்யூட் உடனே பட்டியல் போட்டது. மற்ற எல்லாவற்றிலும் தவறான பக்கத்தில் நின்றவர்களுக்கு, இந்த ஒரு இடத்தில் சரியாகச் சொல்லும் வாய்ப்பை ஓல்சன் கொடுத்துவிட்டார்.

கரைவலை, உங்கள் 'மேலும், ஆனால், அதனால்' மேல் என் பயம் இதுதான். கதைக்கு ஒரு முடிச்சு அழகாக விழுந்துவிட்டால், அதை அவிழ்த்துப் பார்க்கக் கை வராது.

கரைவலை

நீங்கள் சொல்வது சரி. அந்தக் காட்சி எனக்கும் வலித்தது. பரிணாம உயிரியலாளர் ஸ்டீஃபன் ஜே கூல்ட் 2000-ஆம் ஆண்டிலேயே, நூறு வருடமாக இந்தப் படங்களை யோசிக்காமல் மறுபதிப்புச் செய்கிறோமே என்று சொந்தத் துறையைக் கண்டித்து எழுதினார். ஓல்சன் அதை ஒப்புக்கொண்டே அந்தக் காட்சியை எடுத்திருக்கலாம். 'எங்கள் வீட்டில் இந்தத் தவறு இருந்தது, கண்டுபிடித்ததும் எங்கள் ஆட்கள்தான்' என்பது இன்னும் நல்ல கதையாகியிருக்கும்.

ஆனால் ஒரு விஷயம் விட்டுப்போகக் கூடாது. ஓவியம்தான் கெட்டது, கரு கெடவில்லை. மனிதக் கருவின் கழுத்துப் பகுதியில் நான்காவது, ஐந்தாவது வாரங்களில் தொண்டை வளைவுகள் உண்மையிலேயே இருக்கின்றன. மீனில் அவற்றில் பெரும்பாலானவை செவுள்களைத் தாங்கும் அமைப்பாக வளர்கின்றன. நமக்கு அவையே கீழ்த்தாடை, நடுக்காதின் சிற்றெலும்புகள், குரல்வளையின் குருத்தெலும்பு என்று ஆகின்றன. ஹெக்கலை முழுதாகத் தூக்கிப் போட்டாலும் இது அப்படியே நிற்கும்.

ஞாயிறு மணி

முதல் தடவை எழுதுகிறேன். தவறாமல் கோயிலுக்குப் போகும் கத்தோலிக்கக் குடும்பம். எம்.எஸ்சி. விலங்கியல் படிக்கிறேன்.

இந்த இழையில் நம்பிக்கையும் அறிவியலும் இரண்டு கட்சி என்பது போல ஒரு தொனி வருகிறது, அதனால் சொல்கிறேன். டோவர் வழக்கில் பரிணாமத்துக்காக முதல் சாட்சியாக வந்த கென்னத் மில்லர் பிரவுன் பல்கலைக்கழக உயிரியலாளர், பக்தியுள்ள கத்தோலிக்கர். போப் இரண்டாம் ஜான் பால் 1996-இலேயே, பரிணாமம் வெறும் கருதுகோளுக்கும் மேலானது என்று எழுதினார். இதையெல்லாம் நான் கல்லூரிக்கு வந்த பிறகுதான் தெரிந்துகொண்டேன். பள்ளியில் எனக்கு யாரும் சொல்லவில்லை. இரண்டு வருடம் பரிணாமம் படிப்பதே பாவம் என்ற பயத்தோடு படித்தேன், வீட்டிலும் யாரிடமும் கேட்க முடியவில்லை.

டீச்சர், அந்த அப்பாவுக்குப் பதில் தேவைப்பட்டதா, இல்லை, இதைப் படித்தால் தன் பிள்ளை தன்னை விட்டுப் போய்விடாது என்ற உறுதி தேவைப்பட்டதா? என் அப்பாவுக்கு இரண்டாவதுதான் தேவைப்பட்டது.

சாக்பீஸ்

நீ எழுதியதை நான்கு தடவை படித்தேன் அம்மா. ரொம்ப நன்றி.

வைகைக்கரை

ஆவணப்படம், மரபியல், பண்பாடு என்று பேசுவதால் எங்கள் பக்கத்துக் கதையையும் சேர்க்கிறேன். ஸ்பென்சர் வெல்ஸ் என்ற மரபியலாளர், மனித இனம் ஆப்பிரிக்காவிலிருந்து பரவிய பாதையைத் தேடி 2000-களின் தொடக்கத்தில் ஒரு ஆவணப்படத்தில் வந்தார். ஆஸ்திரேலியப் பழங்குடிகளிடம் இருக்கும் எம்130 என்ற ஒய் குரோமோசோம் அடையாளத்தை வழியில் எங்காவது பிடிக்க முடியுமா என்பது கேள்வி. மதுரை காமராசர் பல்கலைக்கழகப் பேராசிரியர் ராமசாமி பிச்சப்பனின் ஆய்வு அதற்குக் கை கொடுத்தது. மதுரைக்குப் பக்கம் ஜோதிமாணிக்கம் கிராமத்து இளைஞர் ஒருவரிடம் அது கிடைத்தது.

பத்திரிகைகள் 'முதல் இந்தியர்' என்று எழுதின. எங்கள் உறவினர்கள் சிலர் அதைச் சாதிப் பெருமையாக எடுத்துக்கொண்டு, நாங்கள்தான் மூத்தகுடி என்று பேசத் தொடங்கினார்கள். எனக்கு அது மனவேதனை. ஒய் குரோமோசோம் அப்பாவிலிருந்து மகனுக்குப் போகும் ஒரே ஒரு கோடு. பத்துத் தலைமுறை பின்னால் போனால் நம் மூதாதையர் இடங்கள் 1024. அதில் ஒய் கோட்டில் நிற்பவர் ஒருவர். மீதி 1023 பேரைப் பற்றி அந்த அடையாளம் ஒன்றும் சொல்லாது. அதே அடையாளத்தின் கிளைகள் ஆசியாவில் பல மக்களிடமும் இருக்கின்றன. எல்லாரும் ஒரே வீட்டிலிருந்து கிளம்பியவர்கள் என்று காட்ட வந்த படம், எங்கள் தெருவில் இன்னொரு வேலி போட உதவியது. ஓல்சன் கற்பிப்பது போல அந்தக் கதை மிக நன்றாகச் சொல்லப்பட்டது. கேட்ட காது எப்படிப்பட்டது என்று படம் எடுத்தவர்களுக்குத் தெரியாது.

ஒளிபுகாத்தாள்

வைகைக்கரை, இதைத் தனி இழையாகவே போடுங்கள். ஆசிரியர்கள் கட்டாயம் படிக்க வேண்டியது.

வழக்குக்கட்டு

இதையெல்லாம் அமெரிக்கச் சண்டை என்று நினைத்து ஒதுங்கிவிட வேண்டாம் என்று மட்டும் சேர்க்கிறேன். 2018-இல் மத்திய இணை அமைச்சர் ஒருவர், குரங்கு மனிதனாக மாறியதை யாரும் பார்த்ததில்லை, டார்வின் சொன்னது தவறு என்றார். 2023-இல் என்சிஇஆர்டி பத்தாம் வகுப்புப் புத்தகத்தில் 'மரபும் பரிணாமமும்' என்ற பாடம் வெறும் 'மரபு' ஆனது. 1,800-க்கும் மேற்பட்ட விஞ்ஞானிகளும் ஆசிரியர்களும் கையெழுத்திட்டு எதிர்ப்புத் தெரிவித்தார்கள். பத்தாம் வகுப்போடு அறிவியலை விட்டுவிடும் பிள்ளைக்கு இனி அது வேறு எங்கே கிடைக்கும்?

சாக்பீஸ்

மூன்று வாரம் ஆகிவிட்டது, நடந்ததைச் சொல்ல வேண்டும்.

ஆசிரியர் கூட்டத்தில் படத்தைக் காட்டினோம். ஹெக்கல் காட்சி வந்ததும் நிறுத்தி, ஒளிபுகாத்தாள் எழுதியதையும் கரைவலை எழுதியதையும் வாசித்தேன். அதற்கே ஒரு மணி நேரம் போய்விட்டது. பழைய வழிகாட்டிப் புத்தகத்தில் அந்த ஓவியம் இருப்பதாக ஒருவர் மறுநாளே படம் எடுத்து அனுப்பினார்.

அப்புறம் அந்த மாணவியின் அப்பாவைத் தெருவில் பார்த்தேன். இந்தத் தடவை நான் எதையும் விளக்கவில்லை. டீ குடிக்கலாமா என்று கேட்டேன். பேச்சுவாக்கில், முன்பு கொஞ்ச காலம் முயல் வளர்த்ததாகச் சொன்னார். எனக்குப் படத்தில் வரும் முயல் காட்சி ஞாபகம் வந்தது. முயலுக்குப் புல்லைப் புளிக்கவைக்கும் பை சிறுகுடலுக்குப் பின்னால் இருக்கிறது. சத்து பிரிந்து வருவதற்குள் அதை உறிஞ்சும் இடம் தாண்டிப் போய்விடுகிறது. அதனால் முயல் தன் புழுக்கையையே ஒரு தடவை தின்று, திரும்ப உள்ளே அனுப்ப வேண்டியிருக்கிறது. யோசித்து வடிவமைத்த உடம்பு என்றால் அந்தப் பையை முன்னால் வைத்திருக்கலாமே என்று ஓல்சன் கேட்கிறார்.

நான் பாதி சொல்லும்போதே அவர், "ஆமாம் டீச்சர், மெதுவா, பசபசன்னு ஒண்ணு போடும். அதைக் கீழே விழவே விடாது, வாயை வச்சு வாங்கிக்கும். நோய்னு நினைச்சு நான் மருந்துகூட வாங்கிட்டு வந்தேன்" என்றார். டீ ஆறிப்போகும்வரை அதையே பேசினோம். குரங்கைப் பற்றி நானும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை.

கிளம்பும்போது வண்டியை நிறுத்திவிட்டுத் திரும்பி வந்து கேட்டார்: "மாடும் புல்லுதானே திங்குது? அதுக்கு மட்டும் ஏன் பை முன்னாடி இருக்கு?"

ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வரச் சொல்லியிருக்கிறார். கரைவலை தம்பி, மாட்டு வயிறு பற்றி எளிமையான படம் ஏதாவது இருந்தால் அனுப்புங்கள்.